‘அடுத்த ரயில் போயாச்சு!’ – மூர் மேரியட் என்ற கிழவேடக்காரர்

‘ஓ, மிஸ்டர் போர்ட்டர்!’ படத்தில் டிக்கெட் ஜன்னல் வழியாகத் தலையை நீட்டும் அந்தப் பொக்கைவாய்த் தாத்தா யார், அப்போது அவருக்கு எத்தனை வயது, அந்தக் காலத்து பிரிட்டிஷ் பேசும் படங்களில் இப்படித் துணை வேடம் கட்டியவர்களின் பிழைப்பு எப்படி ஓடியது என்பது கேள்வி.

பெயரையும் வயதையும் முதலிலேயே சொல்லிவிடுகிறேன். அவர் மூர் மேரியட். படம் எடுக்கப்பட்ட 1937 கோடையில் அவருக்கு 52 வயதுகூட நிறையவில்லை. கதாநாயகன் வில் ஹேயைவிட மூன்று வயதுதான் மூத்தவர். இவர் பிறந்தது 1885 செப்டம்பர், ஹே பிறந்தது 1888 டிசம்பர். ஆனால் திரையில் பார்த்தால் ஹேக்குத் தாத்தா மாதிரி இருப்பார். பக்கத்தில் நிற்கும் குண்டுப் பையன் கிரஹாம் மொஃபட்டுக்கு அப்போது 17 வயது. இந்த மூன்று பேர் சேர்ந்து ஆறு படம் செய்தார்கள். அந்த ஆறும் இல்லையென்றால் மேரியட்டின் பெயரை இன்றைக்கு ஆராய்ச்சிக்காரர்கள் தவிர யாரும் சொல்லப்போவதில்லை. அதற்கு முன்னால் அவர் இருபது வருடத்துக்கும் மேலாக சினிமாவில் உழைத்திருந்தார் என்பதுதான் கதையில் எனக்குப் பிடித்த பகுதி.

முழுப்பெயர் ஜார்ஜ் தாமஸ் மூர் மேரியட். லண்டனுக்கு மேற்கே மிடில்செக்ஸில் வெஸ்ட் டிரேட்டன் என்ற ஊரில் பிறந்தார். நாடகக் குடும்பம்; ஐந்து வயதிலேயே மேடை ஏறிவிட்டார். கட்டிடக் கலை படிக்கலாம் என்று ஒரு யோசனை இருந்திருக்கிறது, ஆனால் மேடை விடவில்லை. பேசாப் படக் காலத்திலேயே ஸ்டுடியோக்களுக்குப் போக ஆரம்பித்துவிட்டார். 1920-களின் தொடக்கத்தில் மேனிங் ஹேன்ஸ் என்ற இயக்குநர் எழுத்தாளர் டபிள்யூ. டபிள்யூ. ஜேக்கப்ஸின் கதைகளைத் தொடர்ந்து படமாக்கினார். படகோட்டிகள், துறைமுகத்துச் சாராயக் கடைகள், ஒருவரை ஒருவர் ஏமாற்றும் கிழட்டு மாலுமிகள் என்று போகும் கதைகள் அவை. மேரியட் அந்தக் குழுவில் ஒருவர். பின்னாளில் அவர் செய்த தந்திரக்காரக் கிழவர்களுக்கெல்லாம் மூலவிதை அங்கேதான் விழுந்திருக்க வேண்டும் என்பது என் ஊகம்.

நாயக வேடமே கிடைக்கவில்லை என்றும் சொல்ல முடியாது. 1928-ல் வால்டர் வெஸ்ட் இயக்கிய பேசாப் படம் ‘ஸ்வீனி டாட்’. சவரம் செய்ய வந்தவனின் கழுத்தை அறுக்கும் லண்டன் நாவிதன் கதை. அந்த நாவிதன் மேரியட்தான். 42, 43 வயதில் தலைப்பு வேடம். எட்டு வருடம் கழித்து டாட் ஸ்லாட்டர் என்ற நடிகர் அதே கதையைப் பேசும் படமாகச் செய்து அந்தப் பாத்திரத்தைத் தன் சொத்தாக்கிக்கொண்டதால், மேரியட்டின் ஸ்வீனி மறந்துபோனது.

அப்புறம் ஒலி வந்தது. ஹிட்ச்காக்கின் ‘பிளாக்மெயில்’ 1929-ல் வெளிவந்தது. பேசாப் படமாக எடுத்துக்கொண்டிருந்ததைப் பாதியில் பேசும் படமாக மாற்றினார்கள். கதாநாயகி ஆனி ஓண்ட்ரா செக் நாட்டுக்காரர். லண்டன் கடைக்காரர் மகளாக நடிக்க அவருடைய ஆங்கிலம் சரிப்படவில்லை. பின்னால் குரல் சேர்க்கும் வசதி அப்போது இல்லாததால், கேமராவுக்கு வெளியே ஜோன் பேரி என்ற நடிகை மைக்கில் வசனம் பேச, ஓண்ட்ரா வாயை மட்டும் அசைத்தார். நாயகிக்கே இந்தக் கதி. அதே படத்தில் மிரட்டிப் பணம் பறிக்கும் ட்ரேசியாக வரும் டொனால்ட் கால்த்ராப்புக்கு எந்தச் சிக்கலும் இல்லை. அவர் டையன் பூசிகால்ட் என்ற புகழ்பெற்ற நாடக ஆசிரியரின் பேரன், மேடையில் ஊறியவர். வாயைத் திறந்தால் வசனம் தெளிவாக விழும். படத்தைப் பார்ப்பவர்களுக்குக் கதாநாயகனைவிட அந்த நெளியும் ஆசாமிதான் நினைவில் நிற்கிறான்.

இதுதான் பேசும் படம் துணை நடிகர்களுக்குச் செய்த முதல் நன்மை. அழகான முகத்துக்கு மவுசு குறையவில்லை, ஆனால் குரல் என்ற புதிய சரக்குக்குச் சந்தை பிறந்தது. அந்தச் சரக்கு யாரிடம் இருந்தது? பத்து இருபது வருடம் நாடக மேடையிலும், பாட்டும் நகைச்சுவையும் கலந்து நடக்கும் மியூசிக் ஹாலிலும் தொண்டை தேய்ந்தவர்களிடம். இன்னொரு வசதியும் பிரிட்டனுக்கு இருந்தது. அமெரிக்காவில் நாடகம் நியூயார்க்கில், சினிமா நாட்டின் மறுகோடியில். இங்கே எல்ஸ்ட்ரீ, ட்விக்கன்ஹாம், இஸ்லிங்டன், ஷெப்பர்ட்ஸ் புஷ் ஆகிய ஸ்டுடியோக்கள் எல்லாம் லண்டன் வெஸ்ட் எண்ட் நாடக அரங்குகளிலிருந்து போய்வரும் தூரத்தில். பகலில் ஷூட்டிங், சாயங்காலம் நாடகம் என்று ஒரே நாளில் இரண்டு கூலி வாங்கலாம். ட்விக்கன்ஹாமில் ஜூலியஸ் ஹேகன் ராத்திரி ஷிஃப்டும் வைத்து ஸ்டுடியோவை ஓட்டினார். நாடகம் முடிந்து ஒப்பனை கலைத்தவர்கள் அங்கே போய் மறுபடி ஒப்பனை போட்டுக்கொள்ளலாம்.

வேலை இவ்வளவு தாராளமாகக் கிடைத்ததற்குச் சட்டமும் ஒரு காரணம். பிரிட்டிஷ் தியேட்டர்களை அமெரிக்கப் படங்கள் ஆக்கிரமித்துக்கொண்டதால், 1927-ல் சினிமா ஒதுக்கீட்டுச் சட்டம் கொண்டுவந்தார்கள். விநியோகஸ்தர்கள் ஆரம்பத்தில் 7.5 சதவீதம், தியேட்டர்காரர்கள் 5 சதவீதம் பிரிட்டிஷ் படங்களைக் காட்டியே ஆக வேண்டும். 1936-க்குள் அது 20 சதவீதமாக ஏறியது. அமெரிக்கக் கம்பெனிகள் என்ன செய்தன? சட்டத்துக்குக் கணக்குக் காட்ட, அடிக்கு ஒரு பவுண்டு என்ற வீதத்தில் படம் எடுத்துத் தரச் சொல்லி லண்டனில் ஆள் பிடித்தன. 6,000 அடிப் படம் என்றால் 6,000 பவுண்டு. திரையில் ஒரு மணி நேரத்துக்குக் கொஞ்சம் கூடுதலாக ஓடும். ‘கோட்டா குவிக்கி’ என்று இதற்குப் பெயரே வந்துவிட்டது. மைக்கேல் பவல் போன்ற இயக்குநர்கள் தொழில் பழகியது இந்தப் பட்டறையில்தான். 1931 முதல் 1936 வரை அவர் இப்படி இருபதுக்கும் மேல் எடுத்துத் தள்ளினார்.

அடிக்கு ஒரு பவுண்டு என்ற கணக்கில் ரிகர்சலுக்கு ஏது நேரம்? காலையில் வந்து, வேஷத்தைப் போட்டு, வசனத்தை ஒரு தடவை பார்த்து, முதல் டேக்கிலேயே சரியாகச் செய்துவிட்டுப் போகிற ஆள் வேண்டும். நட்சத்திரத்துக்கு விளக்கு சரியாக விழுகிறதா என்று பார்ப்பார்கள். வேலைக்காரனாக, போலீஸ்காரனாக, படகோட்டியாக வருகிறவர் தன் வெளிச்சத்தைத் தானே பார்த்துக்கொள்ள வேண்டியதுதான். பாத்திரத்துக்கு எழுத்தாளர் எழுதியிருப்பது இரண்டு வரி. மிச்சத்தை நடிகர் வீட்டிலிருந்து கொண்டுவர வேண்டும்: ஒரு நடை, ஒரு இருமல், ஒரு உச்சரிப்பு.

மேரியட் கொண்டுவந்தது பல் செட். விளையாட்டாகச் சொல்லவில்லை. அவருக்குச் சொந்தப் பல் கிடையாது. அதை ஒரு குறையாக வைத்துக்கொள்ளாமல், வேடத்துக்கு ஒன்று என்று பல் செட்டுகள் வைத்திருந்தார். எதை மாட்டுகிறாரோ அதற்கேற்பத் தாடை மாறும், கன்னம் மாறும், பேச்சு மாறும். எதையும் மாட்டாவிட்டால் கன்னம் இரண்டும் உள்ளே போய், மோவாய் மூக்கைத் தொடப் போவது போல மேலே வந்து, ஒரே நிமிடத்தில் முப்பது வயது கூடிவிடும். மேலே கொஞ்சம் வெள்ளைத் தாடி ஒட்டினால் வேலை முடிந்தது. ஒப்பனைக்காரர் இரண்டு மணி நேரம் செய்ய வேண்டியதை இவர் சட்டைப்பையிலிருந்து எடுத்துச் செய்தார் என்றால் தயாரிப்பாளருக்குக் கசக்குமா?

1930-களின் முதல் பாதியில் அவர் படப் பட்டியலைப் பார்த்தால் மூச்சு முட்டும். ஆண்டனி ஆஸ்க்வித்தின் ‘டான்ஸ் பிரிட்டி லேடி’, ‘தி வாட்டர் ஜிப்சீஸ்’ என்று 1932-ல் மட்டும் பல படங்கள். மொத்த வாழ்க்கையில் நூற்றுக்கும் மேல். பெரும்பாலானவற்றில் ஒன்றிரண்டு காட்சிதான். விமர்சகர்கள் பெயரைச் சொல்ல மாட்டார்கள். சுவரொட்டியில் பெயர் இருந்தாலும் கீழே பொடி எழுத்தில். இந்தக் கட்டத்தைச் சோகக் கதையாக்க எனக்கு விருப்பமில்லை. நாயக நடிகருக்கு இரண்டு படம் ஓடாவிட்டால் கதை முடிந்தது. துணை வேடக்காரருக்கு எந்தப் படம் ஓடினாலும் ஓடாவிட்டாலும் அடுத்த வாரம் வேலை உண்டு.

இந்த வகை ஆட்களில் உயர்ந்த படியில் இருந்தவர்களையும் ஒரு பார்வை பார்த்துவிடலாம், அப்போதுதான் மேரியட் எங்கே நின்றார் என்பது புரியும். வால்டர் ஃபோர்டு இயக்கிய ‘ரோம் எக்ஸ்பிரஸ்’ (1932), புதுப்பித்துக் கட்டிய ஷெப்பர்ட்ஸ் புஷ் ஸ்டுடியோவில் எடுத்தது. பாரிஸிலிருந்து ரோமுக்குப் போகும் ரயில். ஒவ்வொரு பெட்டியிலும் ஒரு குணச்சித்திரம். திருட்டு ஓவியத்தை வைத்துக்கொண்டு நடுங்குகிற ஆளாக நம்ம கால்த்ராப். ரகசியமாக வந்த ஜோடியை ஒட்டிக்கொண்டு உயிரை எடுக்கும் தொணதொணப்பு ஆசாமியாக கார்டன் ஹார்க்கர். இந்த ஹார்க்கர் மேடை ஓவியர் ஜோசஃப் ஹார்க்கரின் மகன். ‘டிராகுலா’ எழுதிய பிராம் ஸ்டோக்கர் லைசியம் தியேட்டரில் தன்னோடு இருந்த அந்த ஓவியரின் பெயரைத்தான் நாவலின் ஜோனதன் ஹார்க்கருக்குக் கொடுத்தார். கார்டன் ஹார்க்கர் கீழுதட்டைப் பிதுக்கிக்கொண்டு சுத்தமான காக்னி (லண்டன் உழைக்கும் மக்களின் பேச்சு) பேசினால் அரங்கம் சிரிக்கும். அவருக்கு அந்த உதடு போதும். கடைசிவரை அதை மாற்றவே இல்லை. கால்த்ராப் 1940-ல், ‘மேஜர் பார்பரா’ படப்பிடிப்பு நடந்துகொண்டிருந்தபோது இறந்தார். இவர்கள் எல்லோருக்கும் ‘இன்னார்’ என்று ஒரு முத்திரை இருந்தது. 1935 வரைக்கும் மேரியட்டுக்கு அது இல்லை. கிழவனாகவும் வருவார், மாலுமியாகவும் வருவார், ஆனால் ஆள் யார் என்று சொல்லத் தெரியாது.

முத்திரை கிடைத்த இடம் கெய்ன்ஸ்பரோ ஸ்டுடியோ. வில் ஹே மியூசிக் ஹாலில் பெரிய பேர் எடுத்தவர். ஒன்றும் தெரியாத, தெரிந்த மாதிரியே நடிக்கிற பள்ளி வாத்தியார் வேடம் அவருடையது. அந்த மேடை நாடகத்திலேயே வாத்தியாருக்கு இரண்டு பக்கமும் ஆள் உண்டு: ஒரு துடுக்குப் பையன், பள்ளியை விட்டே போகாமல் கிழடான ஒரு மாணவன். சினிமாவுக்கு வந்தபோது அந்தக் கட்டமைப்பு கூடவே வந்தது. பையனுக்கு கிரஹாம் மொஃபட், ஸ்டுடியோவில் எடுபிடியாக இருந்து நடிகரானவர். கிழவனுக்கு மேரியட். அமெரிக்கரான வில்லியம் போடைன் இயக்கிய ‘விண்ட்பேக் தி செய்லர்’ (1936) படத்தில் முதல்முறையாக மூவரும் சேர்ந்தார்கள். மேரியட்டின் பாத்திரத்துக்கு ஜெரமையா ஹார்பாட்டில் என்று பெயர். அடுத்த வருடம் ‘ஓ, மிஸ்டர் போர்ட்டர்!’ வந்து அந்தப் பெயரை அவர் முதுகில் ஒட்டிவிட்டது.

கதை இதுதான். ரயில்வேயில் எதற்கும் உதவாத வில்லியம் போர்ட்டரை (வில் ஹே), மைத்துனன் சிபாரிசில், வட அயர்லாந்தின் எல்லையோரம் பக்கிள்ஸ்கெல்லி என்ற குக்கிராம ஸ்டேஷனுக்கு மாஸ்டராகத் தள்ளிவிடுகிறார்கள். ஊரில் ஒற்றைக்கண் ஜோ என்ற பேய் பயம். உண்மையில் அது ஆயுதக் கடத்தல்காரர்கள் கட்டிவிட்ட கதை. ஸ்டேஷனில் இருக்கிற ஊழியர் இரண்டே பேர், துணை ஸ்டேஷன் மாஸ்டர் ஹார்பாட்டிலும் சுமைதூக்கி ஆல்பர்ட்டும் (மொஃபட்). எடுத்த இடம் அயர்லாந்து இல்லை. தெற்கு இங்கிலாந்தின் ஹாம்ப்ஷயரில் பேசிங்ஸ்டோக்–ஆல்டன் கிளைப் பாதை. 1932-ல் பயணிகள் வண்டியும் 1936-ல் சரக்கு வண்டியும் நின்றுபோன தடம். கிளிட்டஸ்டன் ஸ்டேஷன்தான் பக்கிள்ஸ்கெல்லி. கிளாட்ஸ்டன் என்ற அந்தக் கிழட்டு எஞ்சின், கென்ட் அண்ட் ஈஸ்ட் சசெக்ஸ் ரயில்வேயிலிருந்து வாடகைக்கு வாங்கிய ‘நார்த்தியம்’, 1899-ல் செய்தது. உயரமான புகைபோக்கி ஒன்றைப் பொருத்தி அதையும் கிழவேஷம் கட்டவைத்தார்கள். ஆக மேரியட்டுக்கு அந்தப் படத்தில் சக கிழவேடக்காரர் ஒருவர் இருந்தார்.

ஜன்னல் காட்சியைக் கொஞ்சம் நிறுத்திப் பார்க்கலாம். போர்ட்டர் ஸ்டேஷனுக்கு வந்து சேர்கிறார். ஆள் அரவம் இல்லை. மூடிய டிக்கெட் ஜன்னலைத் தட்டுகிறார். பலகை சடாரென்று திறக்கிறது. உள்ளே ஒரு முகம், தாடி, தொப்பி. “அடுத்த ரயில் போயாச்சு!” பலகை சடாரென்று மூடுகிறது. அவ்வளவுதான். அடுத்த ரயில் எப்படி ஏற்கெனவே போயிருக்க முடியும் என்று நாம் யோசிப்பதற்குள் முகம் மறைந்துவிடுகிறது.

அந்தச் சில வினாடிகளில் மேரியட் செய்வதைக் கவனியுங்கள். கிழவர் வேடம் என்றால் சாதாரண நடிகர் மெதுவாக்குவார்: மெதுவாகத் திரும்பி, மெதுவாகப் பார்த்து, நடுங்கும் குரலில் இழுத்துப் பேசுவார். மேரியட் நேர் எதிர். ஹார்பாட்டில் துருதுருவென்று இருக்கிறார். குரல் கீச்சென்று உடைந்து வருகிறது, ஆனால் வேகமாக வருகிறது. எதிராளி கேள்வியை முடிக்கும் முன்பே பதில் சொல்லிவிட்டு, ஆள் போய்விடுவார். ஐம்பது வயது உடம்பின் சுறுசுறுப்பையும் எண்பது வயது முகத்தையும் ஒன்றாகச் சேர்த்ததில் பிறந்த சிரிப்பு இது. நிஜமான எண்பது வயதுக்காரரால் அந்த வேகத்தில் செய்ய முடியாது. வயதைக் காட்டாத ஐம்பது வயதுக்காரர் செய்தால் சிரிப்பு வராது.

இன்னொன்று, ஹார்பாட்டில் பாவப்பட்ட கிழவர் இல்லை. நன்றாகத் தின்று கொழுத்த திருடர். ரயிலில் வரும் சரக்கைக் கபளீகரம் செய்து, காசுக்குப் பதில் காய்கறிக்கும் கறிக்கும் டிக்கெட் கொடுத்து, ஸ்டேஷனையே குடும்பச் சொத்தாக நடத்திக்கொண்டிருக்கிறார்கள் அவரும் ஆல்பர்ட்டும். புதிதாக வந்த மாஸ்டர் ஒழுங்குபடுத்தப் பார்க்கிறார். இவர்கள் ஒழுங்காக அவரைக் கெடுக்கிறார்கள். மார்செல் வர்னெல் என்ற பிரெஞ்சுக்காரர் இயக்கம். மூன்று பேரும் ஒரே சமயத்தில் பேசுவார்கள், ஒருவர் பேச்சில் மற்றவர் குறுக்கே விழுவார், திடீரென்று மூவரும் ஒரே நேரத்தில் மௌனமாவார்கள். பேசும் படம் வந்து எட்டு வருடத்தில் ஒரு நகைச்சுவைக் குழு ஒலியை இப்படிக் கையாளப் பழகியிருந்தது எனக்கு இன்றும் ஆச்சரியம்தான். ஹேயின் சங்கடமான மூக்குறிஞ்சல், மொஃபட்டின் தடித்த மந்தக் குரல், மேலே மேரியட்டின் கீச்சு – கண்ணை மூடிக்கொண்டு கேட்டாலும் யார் யார் என்று தெரியும்.

தொடர்ந்து வந்தவற்றில் ‘கான்விக்ட் 99’ (1938) படத்தில் சுரங்கம் தோண்டியே ஆயுளைக் கழிக்கும் கைதி. ‘ஆஸ்க் எ போலீஸ்மேன்’ (1939) மேரியட்டுக்கு இன்னும் பெரிய விருந்து. பத்து வருடத்துக்கு மேல் குற்றமே நடக்காத கிராமம். குற்றம் இல்லாவிட்டால் போலீஸ் ஸ்டேஷனை மூடிவிடுவார்கள் என்பதால் மூன்று போலீஸ்காரர்களும் தாங்களே குற்றம் தயாரிக்கிறார்கள். கடத்தல்காரர்களைப் பற்றிய ஒரு பழைய பாட்டின் கடைசி வரி தெரிய வேண்டும். ஹார்பாட்டில், “எங்கப்பாவுக்குத் தெரியும்” என்கிறார். இந்தக் கிழவருக்கே அப்பாவா? இருக்கிறார், படுக்கையில், இன்னும் நீளத் தாடியோடு. அந்த அப்பாவும் மேரியட்தான். கடைசியில் ஒரு பேருந்து ப்ரூக்லேண்ட்ஸ் கார் பந்தயத் தடத்தில் புகுந்து ஓடும் துரத்தல் வேறு.

இந்த வெற்றியில் ஒருவருக்குச் சந்தோஷம் குறைந்துகொண்டே வந்தது: வில் ஹேக்கு. தான் தனியாள் நட்சத்திரம், மூன்றில் ஒரு பங்கு இல்லை என்பது அவர் எண்ணம். 1940-களின் தொடக்கத்தில் ஈலிங் ஸ்டுடியோவுக்குப் போய், இருவரையும் விட்டுவிட்டு வேறு கூட்டாளிகளோடு நடித்தார். ‘மை லேர்ண்ட் ஃப்ரெண்ட்’ (1943) மாதிரி நல்ல படங்களும் கொடுத்தார். ஆனாலும் அவரை யோசித்தால் நமக்கு வருவது மூன்று தலைகள்தான். ஹேயின் பக்கமும் நியாயம் உண்டு. காட்சியில் ஒருவர் சும்மா தாடியைத் தடவிக்கொண்டு நின்றே சிரிப்பைத் தட்டிக்கொண்டு போனால் எந்த நட்சத்திரத்துக்குப் பிடிக்கும்?

மேரியட்டின் நிலை இனிதான் சிக்கலானது. ஹார்பாட்டிலைத் தவிர வேறு எதையும் அவரிடம் யாரும் கேட்கவில்லை. கிரேஸி கேங் என்ற நகைச்சுவைக் குழுவோடு ‘தி ஃப்ரோஸன் லிமிட்ஸ்’ (1939): தங்கம் இருக்கும் இடம் தூக்கத்தில் நடக்கும்போது மட்டும் நினைவுக்கு வரும் கிழவர். நகைச்சுவை நடிகர் ஆர்தர் ஆஸ்கியோடு ‘ஐ தேங்க் யூ’ (1941), ‘பேக்-ரூம் பாய்’ (1942): கூடவே மொஃபட். ‘பேக்-ரூம் பாய்’ படத்தில் ஜெர்ரி (ஜெரமையாவின் சுருக்கம்), ஆல்பர்ட் என்ற பெயர்களைக்கூட மாற்றவில்லை. கடையை வேறு முதலாளி நடத்தினாலும் அதே இரண்டு பணியாளர்கள் வேண்டும் என்று ஜனங்கள் எதிர்பார்த்தார்கள். இருபது வருடம் முகம் தெரியாமல் இருந்தவருக்கு இப்போது ஒரே முகம். எது மேல் என்று அவரிடம் கேட்டிருந்தால் என்ன சொல்லியிருப்பாரோ, எனக்கு என்னவோ சம்பளத்தைக் காட்டியிருப்பார் என்று தோன்றுகிறது.

அவரை அந்தத் தாடியிலிருந்து வெளியே எடுத்தவர்கள் அதை ஒட்டியவர்களே. ‘ஓ, மிஸ்டர் போர்ட்டர்!’ கதை ஃபிராங்க் லாண்டருடையது. ‘ஆஸ்க் எ போலீஸ்மேன்’ கதை சிட்னி கில்லியட்டுடையது. இந்த இருவரும் சேர்ந்து 1943-ல் ‘மில்லியன்ஸ் லைக் அஸ்’ எழுதி இயக்கினார்கள். விமான உதிரிபாகத் தொழிற்சாலைக்கு வேலைக்குப் போகும் பெண்களின் போர்க்காலக் கதை. நாயகி சீலியாவின் அப்பா ஜிம் க்ரௌசனாக மேரியட். தாடி இல்லை, கீச்சுக் குரல் இல்லை. பெண்கள் பார்த்துக்கொண்ட வீட்டில் சௌகரியமாக இருந்து பழகி, அவர்கள் ஒவ்வொருவராகப் போனபின் தடுமாறுகிற, முணுமுணுக்கிற, பாசத்தைச் சொல்லத் தெரியாத ஒரு சாதாரண மனிதர். ஹார்பாட்டிலைப் பார்த்துவிட்டு இதைப் பார்த்தால் பெயர்ப் பட்டியலை இரண்டாவது தடவை சரிபார்க்கத் தோன்றும். நடிப்பு என்று பார்த்தால் அவர் செய்ததில் இதுவே உயர்ந்தது என்பேன். சிரிக்க வைத்ததற்கு நன்றியோடுதான் சொல்கிறேன்.

கில்லியட் இயக்கிய ‘கிரீன் ஃபார் டேஞ்சர்’ (1946) படத்தில் மறுபடி சின்ன வேடம். ஹிக்கின்ஸ் என்ற கிராமத்துத் தபால்காரர். 1944, ஜெர்மனியின் பறக்கும் குண்டுகள் விழும் காலம். காயம்பட்டு ஆஸ்பத்திரிக்கு வருகிறார், அறுவை மேசையில் இறந்துபோகிறார். மொத்தக் கொலைக் கதையும் அந்தச் சாவிலிருந்துதான் கிளம்புகிறது. படத்தின் தொடக்கத்தில் சைக்கிளில் தபால் கொண்டுபோகும் அந்த மனிதரை நமக்குப் பிடித்துப்போனால்தான் பின்னால் நடப்பதெல்லாம் உறைக்கும். அதற்கு அவருக்குக் கிடைக்கும் நேரம் சில நிமிடங்கள். கோட்டா படங்களில் ஒன்றிரண்டு காட்சிக்குள் ஆளை நிறுவிப் பழகியவருக்கு அது போதுமானதாக இருந்தது.

கடைசிப் படங்களில் ஒன்று ஜான் மில்ஸ் நடித்த ‘தி ஹிஸ்டரி ஆஃப் மிஸ்டர் பாலி’ (1949). கல்யாண வீட்டிலும் சாவு வீட்டிலும் எல்லோரையும் குறை சொல்லிக்கொண்டு உட்கார்ந்திருக்கும் பென்ஸ்டிமன் மாமா. அதே வருடம் ஏப்ரலில் வில் ஹே இறந்தார். டிசம்பர் 11-ம் தேதி மேரியட், 64 வயதில், கடற்கரை ஊரான போக்னர் ரீஜிஸில். அப்போது அங்கே மளிகைக் கடை நடத்திக்கொண்டிருந்தார். மொஃபட்டும் சினிமாவை விட்டு மதுக்கடை நடத்தப் போய்விட்டார். 1965-ல் பாத் நகரில் காலமானார். நடிப்போடு ஒரு கடையும் வைத்திருப்பது அந்த வட்டாரத்தில் விசித்திரம் இல்லை. இவர்களுக்கு ஓய்வூதியம் யாரும் தரப்போவதில்லை, பழைய படம் எத்தனை தடவை ஓடினாலும் கையில் காசு வராது.

எதிலிருந்து பார்க்க ஆரம்பிக்கலாம் என்றால், ‘ஓ, மிஸ்டர் போர்ட்டர்!’, ‘ஆஸ்க் எ போலீஸ்மேன்’, ‘மில்லியன்ஸ் லைக் அஸ்’, ‘கிரீன் ஃபார் டேஞ்சர்’ என்ற வரிசை போதும். ‘ஓல்ட் போன்ஸ் ஆஃப் தி ரிவர்’ (1938) மூவர் படம்தான், ஆனால் ஆப்பிரிக்காவை வைத்து எடுத்த காலனிக் கேலி. கறுப்பின மக்களைக் காட்டியிருக்கும் விதம் இன்று பார்க்கச் சகிக்காது, மேரியட்டுக்காகக்கூட அதைச் சிபாரிசு செய்ய மாட்டேன். வசனம் வேகமாக ஓடும் என்பதால் ஆங்கில சப்டைட்டில் உள்ள பிரதியாகத் தேடிப் பிடியுங்கள். ஹார்பாட்டில் பேசுவதில் பாதி, பழகிய காதுக்கே முதல் தடவையில் பிடிபடாது.